சுவர் விழுந்த பிறகும்

ஜப்பானிய இயக்குநர் ஷுஜி தெராயாமாவின் ‘தென்என் நி ஷிசு’ (1974) படம் நேற்று ராத்திரி மறுபடியும். கடைசிக் காட்சிக்காகத்தான், ஒளிப்பானேன். வீட்டுக்குள் அம்மாவும் மகனும் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். பின்சுவர் சாய்கிறது. அந்தப் பக்கம் தோக்கியோவின் ஷின்ஜுகு. ஜனங்கள் தங்கள் பாட்டுக்குப் போய்க்கொண்டிருக்கிறார்கள். இவர்கள் சாப்பாட்டை நிறுத்தவில்லை.

தெராயாமா ஜப்பானின் வடக்கே அஓமோரிக்காரர். போருக்குப் போன அப்பா திரும்பவில்லை. அம்மா பிழைப்புக்காக அமெரிக்க ராணுவ முகாமில் வேலைக்குப் போக, பையன் சினிமா கொட்டகை வைத்திருந்த உறவினரிடம் வளர்ந்தான். திரைக்குப் பின்னால் வளர்ந்த பிள்ளை, அப்புறம் திரையைக் கிழிக்காமல் என்ன செய்யும்?

1967இல் தென்ஜோ சஜிகி என்ற நாடகக் குழு. ஒரு நாடகத்தை இருட்டில் போட்டு, பார்க்க வந்தவர்கள் கையில் தீக்குச்சிகளைக் கொடுத்தார். 1975இல் ‘நாக்’: 30 மணி நேரம், தெருக்களும் வீட்டு வாசல்களுமே மேடை. போலீஸ் வரை போனது விவகாரம். எனக்கென்னவோ அந்த வீட்டுக்காரர்கள் மேலும் கொஞ்சம் அனுதாபம் உண்டு. காமிக்ஸில் செத்த ஒரு குத்துச்சண்டை வீரனுக்கு 1970இல் நிஜமாகவே இறுதிச்சடங்கு நடத்தியவரும் இவர்தான். நூற்றுக்கணக்கானோர் துக்கத்துக்கு வந்தார்கள்!

படத்தில் அம்மாவைக் கொல்லத் திட்டம் போட்டவர், 1983இல் 47 வயதில் போய்விட்டார். அம்மா அவருக்கப்புறமும் இருந்தார்.