டோல்கேட்டைச் சுற்றி எத்தனை காலண்டர்கள்!

டோல்கேட் பக்கம் ஏதாவது ஒரு டீக்கடைக்குள் எட்டிப் பாருங்கள். சுவரில் ஒரு தினசரி காலண்டர் தொங்கும். பெரிய எழுத்தில் ஆங்கிலத் தேதி. அதன் கீழே தமிழ் மாதம், திதி, நட்சத்திரம், ராகு காலம். ஓரத்தில் ஹிஜிரி தேதி. உள்ளங்கை அகலத் தாளில் மூன்று விதமான ஆண்டுகள்!

டோல்கேட்டை நடுவில் வைத்துக்கொண்டு வடக்கே திருவொற்றியூர், தெற்கே காசிமேடு, ராயபுரம் என்று ஒரு சுற்று வந்தால், அந்தத் தாளில் இடம்பிடிக்காத காலண்டர்களும் தட்டுப்படும். அதில் ஒன்று, மாயாஜாலக் கதையிலிருந்து எடுத்து வைத்ததைப் போலவே இருக்கும்.

மூன்று நாள் தரிசனம்

டோல்கேட் மெட்ரோவில் ஏறினால் இரண்டாவது ஸ்டேஷன் திருவொற்றியூர் தேரடி. பக்கத்திலேயே தியாகராஜ சுவாமி கோயில். இங்கே மூலவர் ஆதிபுரீஸ்வரர் புற்று வடிவானவர். ஆண்டு முழுக்கக் கவசத்துக்குள்தான் இருப்பார். கார்த்திகைப் பௌர்ணமியையொட்டி மூன்றே நாள் கவசம் திறக்கப்படும். அந்த மூன்று நாளும் கூட்டம் தெருவரை நீளும்.

ஆங்கிலக் காலண்டரில் இதற்கு நிரந்தரத் தேதி கிடையாது. ஒரு வருடம் நவம்பரில் வரும், இன்னொரு வருடம் டிசம்பரில் வரும். நிலாதான் நாள் குறிக்கிறது.

61 நாள் மௌனம்

காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் ஆண்டு வேறு மாதிரி ஓடுகிறது. தமிழ்ப் புத்தாண்டை ஒட்டி, ஏப்ரல் 15 அன்று விசைப்படகுகள் கரையில் நிற்கத் தொடங்கும். ஜூன் 14 வரை மொத்தம் 61 நாள் தடைக்காலம். மீன்கள் இனப்பெருக்கம் செய்வதற்காக அரசு வகுத்த காலண்டர் இது. முன்பு 45 நாளாக இருந்தது, 2017 முதல் 61 நாள் ஆனது. கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குக் கடற்கரையில் கணக்கே வேறு. அங்கே தடை ஜூன் 1-ல் தொடங்கி ஜூலை 31 வரை. ஒரே மாநிலத்தில் கடலுக்கு இரண்டு காலண்டர்!

இந்த நாட்களில் படகுக்கு வண்ணம் அடிப்பார்கள், இன்ஜினைப் பழுது பார்ப்பார்கள், வலை பின்னுவார்கள். அரசு குடும்பத்துக்கு 8,000 ரூபாய் நிவாரணம் தருகிறது. இரண்டு மாதத்தை அதற்குள் அடக்குவது எப்படி என்பது ஒவ்வொரு வீட்டிலும் போடப்படும் கணக்கு. பள்ளிகள் திறக்கும் ஜூன் மாதமும் இதற்குள்ளேயே வந்துவிடும்.

தினமும் ஒரு பெயர்

காசிமேட்டிலிருந்து இன்னும் கொஞ்சம் தெற்கே வந்தால் ராயபுரம். மேற்கு மாதா கோயில் தெருவில் அமைதியான ஒரு கட்டடம் இருக்கிறது. பார்சிகளின் அக்னிக் கோயில் அது. பிரோஜ் கிளப்வாலா என்பவர், சிறு வயதிலேயே இறந்துபோன தன் மகன் ஜாலின் நினைவாக 1910-ல் கட்டியது. தமிழ்நாட்டில் பார்சிகளுக்கு இருக்கும் ஒரே அக்னிக் கோயில் இதுதான். பார்சி அல்லாதவர்களுக்கு உள்ளே அனுமதி இல்லை.

அவர்களது காலண்டரில் ஒவ்வொரு மாதத்துக்கும் சரியாக 30 நாள். 30 நாளுக்கும் தனித்தனிப் பெயர் உண்டு. முதல் நாள் ஹோர்மஸ்த். ஒன்பதாம் நாள் ஆதர், அதாவது நெருப்பு. பத்தாம் நாள் ஆவா, அதாவது நீர். மாதங்களுக்கும் இதே பெயர்களில் சில உண்டு. நாளின் பெயரும் மாதத்தின் பெயரும் ஒன்றானால் அன்று விழா. ஆவா மாதத்தின் ஆவா நாளில், பார்சிகள் கடலையோ ஆற்றையோ தேடிப்போய் வணங்குவார்கள். நம் கோயிலில் சங்கல்பம் செய்யும்போது வருடம், மாதம், திதி எல்லாம் சொல்கிறோமே... அதுபோல அவர்கள் பிரார்த்தனையிலும் அன்றைய நாள், மாதத்தின் பெயர் வரும்.

12 மாதம் முடிந்தபின் எந்த மாதத்திலும் சேராத 5 நாட்கள் மிஞ்சும். அவை முன்னோரை நினைக்கும் நாட்கள். 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' எழுதிய டோல்கீன், தன் கதையில் வரும் ஹாபிட் இனத்துக்கு உருவாக்கிய காலண்டரும் இப்படித்தான்: 30 நாள் கொண்ட 12 மாதங்கள், மாதத்தில் சேராத 5 நாட்கள்!

நகரும் புத்தாண்டு

ஹாபிட்டுகளுக்கு லீப் வருடம் உண்டு. பார்சிகளின் இந்தப் பழைய காலண்டரில் இல்லை. அதனால் நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் என்று புத்தாண்டு முன்னே நகர்கிறது. ஈரானின் கடைசி சாசானிய மன்னர் மூன்றாம் யஸ்தகிர்த் அரியணை ஏறிய கி.பி. 632-ல் தொடங்கும் கணக்கு இது. அன்று ஜூனில் இருந்த புத்தாண்டு, இப்போது ஆகஸ்ட் 15-ல் வருகிறது. 2028-ல் ஆகஸ்ட் 14 ஆகிவிடும்.

இந்த நகர்வைச் சரிசெய்ய, இந்தியாவுக்கு வந்த பார்சிகள் ஒருமுறை ஒரு மாதத்தைக் கூடுதலாகச் சேர்த்தார்கள். ஈரானில் இருந்தவர்கள் சேர்க்கவில்லை. பல நூற்றாண்டுகள் கழித்து இந்த ஒரு மாத வித்தியாசம் தெரியவந்தபோது பெரும் சண்டை மூண்டது. 1745-ல் ஒரு பிரிவினர் தனி காலண்டரோடு விலகிப்போனார்கள். புத்தாண்டு தையா, சித்திரையா என்று வாதாடும் நமக்கு இது ஒன்றும் புதிதல்ல.

ஒரு காலண்டர் உயிரோடு இருக்க வானம் மட்டும் போதாது. நாளை எண்ணுவதற்கு மனிதர்களும் வேண்டும். கார்த்திகைப் பௌர்ணமியை எண்ண திருவொற்றியூரில் பெருங்கூட்டம் இருக்கிறது. தடைக்காலத்தை எண்ண காசிமேடு முழுக்க ஆள் இருக்கிறது. சென்னையில் பார்சிகளோ சில நூறு பேர்தான். அந்த 30 பெயர்களை அடுத்த தலைமுறைக்குச் சொல்லிக்கொடுக்கும் பொறுப்பு அவர்களிடம் இருக்கிறது.

அடுத்த முறை டோல்கேட்டில் டீ குடிக்கும்போது, கிழிக்கப்போகும் அந்தத் தாளை ஒரு நிமிடம் முழுசாகப் படித்துப் பாருங்கள்.