பன்னிரண்டு பெரியவர்கள்

1821இல் அமைந்த பேராதனைத் தாவரவியற் பூங்காவுக்கு மாணவரை அழைத்துச் சென்று கண்டி திரும்பிய மறுநாள், வகுப்பில் நாம் ஒரு கணக்குக் கொடுத்தோம்: "நுழைவுச்சீட்டு பெரியவருக்கு 100 ரூபா, சிறுவருக்கு 50 ரூபா என்க. 40 பேருக்கு 2,600 ரூபா ஆயின், பெரியவர் எத்தனை பேர்?"

தேயிலைத் தோட்டத்திலிருந்து வரும் மாணவியொருத்தி, சமன்பாடு எதுவுமின்றி 12 என்னும் விடையை மட்டும் எழுதியிருந்தாள். பார்த்தெழுதினாளெனக் கருதி, நாம் புள்ளி வழங்கவில்லை.

"ஐயா, எல்லாரையும் சிறுவர் என்றே வைத்துப் பார்த்தேன். 2,000 ரூபாதான் வந்தது. மிச்சம் 600. பெரியவர் ஒருவருக்கு 50 ரூபா கூட. அப்படியென்றால் 12 பேர்" என்றாள், தலை நிமிராமலே.

நாம் வாயடைத்து நின்றோம். பண்டைச் சீனத்துச் சுன்சியின் கணித நூலில், கூண்டிலுள்ள காட்டுக்கோழிகளுக்கும் முயல்களுக்கும் தலை 35, கால் 94 எனவரும் கணக்கும் இவ்வகையினதே. அக்காலத்தில் எக்ஸ் ஏது, வை ஏது?

முழுப் புள்ளியும் வழங்கினோம். சமன்பாட்டையும் அவள் பின்னர் கற்றுக்கொண்டாள். ஆனால், சிவப்பு மையைத் தொடுமுன் "எப்படிச் செய்தாய், பிள்ளை?" என வினவ வேண்டுமென்பதை அன்று கற்றவர் நாமே.