கசாயக் குவளையும் கண்ணின் ஒளியும்

உத்திரமேரூரை அடுத்த திருப்புலிவனம் எம் சிற்றூர். ஊரின் பெயரிலேயே புலி உறைகின்றது. புலிக்கால் முனிவராகிய வியாக்கிரபாதர் வழிபட்ட தலம் என்பது ஊர் மரபு. வண்டு தீண்டாத மலரைப் பொழுது புலருமுன் பறிக்க விரும்பிய அம்முனிவர், மரமேறப் புலியின் காலும் இருளில் மலர் தெரியக் கண்ணும் வரமாகப் பெற்றார் என்பர். இளமையில் அக்கதையைக் கேட்டபோது எம்மை வியக்க வைத்தது புலிக்காலே. அவ்வரத்துள் கண்ணே பெரிதென்பதை எம் தந்தையார் ஒரு கண்ணின் பார்வையை இழந்த பின்னரே உணர்ந்தோம்.

தந்தையார் ஏரிப் பாசன நிலத்தில் உழுதுண்டு வாழ்ந்தவர். நாற்பத்தைந்தாம் அகவையில் அவருக்கு நீரிழிவு கண்டது. அரசு மருத்துவர் மாத்திரை தந்தார். ஊர்ப்பக்கத்து வைத்தியர் ஒருவர் ஆவாரம்பூ, நாவற்கொட்டை, சிறுகுறிஞ்சான் ஆகியவற்றைக் கூட்டிய சூரணம் தந்தார். சிறுகுறிஞ்சான் இலையை மென்றபின் சர்க்கரையை வாயிலிட்டால் மணலைப் போலிருக்கும். நாவின் இனிப்பை மறைக்கும் அவ்விலையின் ஆற்றலைக் கண்ட தந்தையார், குருதியின் இனிப்பையும் அது அவ்வாறே மாற்றிவிடும் என்று நம்பினார். நாளடைவில் மாத்திரை நின்றது; கசாயக் குவளை மட்டும் நிலைத்தது. மாத்திரையை நிறுத்துமாறு அவ்வைத்தியர் ஒருநாளும் கூறியதில்லை. நிறுத்தியவர் தந்தையார், கண்டும் வாளாவிருந்தோர் யாம்.

பத்தாண்டுகள் கழிந்தன. ஒருநாள், வலக்கண்ணின் முன் ஒட்டடை தொங்குவதுபோல் தோன்றுகிறது என்றார். உடற்சூடு என்றனர் அண்டை வீட்டார். நந்தியாவட்டைப் பூவை நீரில் ஊறவைத்துக் கண்ணில் ஒற்றினோம். அப்பொழுது எம் கல்லூரியில் தேர்வுக் காலம். விடுமுறை வரட்டும், சென்னைக்கு அழைத்துச் செல்வோம் என எண்ணினோம். அவ்வெண்ணத்தின் விலை இரண்டு திங்கள்.

1819-ஆம் ஆண்டில் தோன்றிய எழும்பூர் அரசு கண் மருத்துவமனையில் அவரைச் சேர்த்தபோது, வலக்கண்ணின் உள்ளே குருதி கசிந்து நிறைந்து, விழித்திரையும் பெயர்ந்திருந்தது. மருத்துவர் எம்மை ஏசவில்லை. “இதற்கு முன் கண்ணின் உட்புறத்தை எப்பொழுது பார்த்தீர்கள்?” என்று மட்டும் வினவினார். ஒருபோதும் இல்லை என்பதே எம் விடை. அவ்விடையைச் சொன்ன நாணம் இன்றும் எம்மை விட்டு அகலவில்லை.

இந்நோயின் இயல்பை அன்று அறிந்தோம். குருதியில் சர்க்கரை நெடுங்காலம் மிகுந்திருப்பின், விழித்திரையின் நுண்ணிய குழாய்கள் நலிந்து கசியும், சில அடைபடும். உயிர்வளி பெறாத பகுதி புதிய குழாய்களைத் தோற்றுவிக்கும். அவை வலுவற்றவை, எளிதில் உடைந்து குருதி பெருக்கும். தொடக்கத்தில் வலியில்லை, மங்கலும் இல்லை. பார்வை தெளிவாயிருக்கும்போதே உள்ளே கேடு வளரும். சென்னையில் நிகழ்ந்த ஆய்வொன்று, நீரிழிவுடையோருள் 17.6 விழுக்காட்டினர்க்கு விழித்திரைப் பாதிப்பு உண்டென 2005-இல் அறிவித்தது.

அவ்வாறாயின் மூலிகை பொய்யா? அன்று. சித்த மருத்துவம் கண்ணோய்களைத் தொண்ணூற்றாறாகப் பகுத்துரைக்கும். பாக்தாதில் வாழ்ந்த அலீ இப்னு ஈசா, கண் மருத்துவர்க்கென்றே தனிநூல் யாத்தார். அது நூற்றாண்டுகள் பல போற்றிப் பயிலப்பட்டது. சீனரும் இந்நோயை நாவறட்சியும் உடல் மெலிவும் தரும் நோயென முற்காலத்தே அறிந்து, வேர்களால் மருந்து செய்தனர். அவற்றுள் சிலவற்றை விழித்திரை நோய்க்கு இன்று முறைப்படி சோதித்தும் வருகின்றனர். இன்று உலகெங்கும் வழங்கும் மெட்பார்மின் மாத்திரையின் வரலாறும் ஐரோப்பியச் செடியொன்றில்தான் தொடங்குகிறது. எனினும், உயிருள்ள கண்ணின் விழித்திரையைக் காணும் கருவியை எல்ம்கோல்ட்சு என்னும் செருமானிய அறிஞர் அமைத்தது 1851-இல். அதற்கு முன் மருத்துவர்க்கு, எத்துணைப் பேரறிவினராயினும், அவ்விடத்தைக் காண்பது அரிதாயிருந்தது. காணாததற்கு அவர்கள் மருந்துரைக்கவில்லை என்பது அவர்தம் குறையன்று. காணும் வழி பிறந்த பின்னும் காணாதிருந்தது எம் குறை.

இடக்கண் தப்பியது. லேசர் ஒளிக்கற்றையால் பல முறை சிகிச்சை செய்தனர். இம்முறை பார்வையிழப்பைப் பாதிக்கு மேல் குறைக்கும் என்பது 1970-களிலேயே அமெரிக்காவில் மெய்ப்பிக்கப்பட்டது. இன்று கண்ணுள் செலுத்தும் ஊசிமருந்துகளும் உள. சர்க்கரையையும் குருதி அழுத்தத்தையும் அடக்கினால் நோயின் வேகம் தணியும் என்பதை 1998-இல் வெளியான இங்கிலாந்து ஆய்வும் உறுதிசெய்தது. போன கண்ணை மட்டும் எவராலும் மீட்க இயலவில்லை. எஞ்சிய ஒற்றைக் கண்ணால் தந்தையார் பேரப் பிள்ளைகளின் முகம் கண்டார். நாளிதழின் பெரிய எழுத்துகளைப் படித்தார். வரப்பில் நடக்கையில் மட்டும் வலப்புறம் யாரேனும் கைபிடிக்க வேண்டும். அக்கை பெரும்பாலும் எமதாயிருந்தது. அவர் எம்மைக் கடிந்து ஒரு சொல்லும் கூறியதில்லை. அதுவே எமக்குப் பெருஞ்சுமையாயிற்று.

இன்று எமக்கும் நீரிழிவு உண்டு. மாத்திரையைத் தவறாது உண்கிறோம். வெந்தயமும் ஆவாரம்பூவும் எம் அடுக்களையில் இன்றும் உள. அவற்றை உண்பதை மருத்துவரிடம் மறைப்பதில்லை. ஆண்டுக்கொரு முறை கண்ணில் சொட்டு மருந்திட்டு, பாவையை விரித்து, விழித்திரையைக் காட்டி வருகிறோம். அன்று சில மணி நேரம் எழுத்துகள் கலங்கித் தெரியும், அவ்வளவே துன்பம்.

இம்மலரைக் கையிலேந்தும் மாணவச் செல்வங்களுக்கு எம் வேண்டுகோள் ஒன்றே. உங்கள் இல்லத்தில் நீரிழிவுடைய பெரியவர் இருப்பின், எம் தந்தையாரைக் குறித்து எம்மிடம் மருத்துவர் கேட்ட அவ்வினாவை இன்றிரவே அவரிடம் கேளுங்கள். விடை “ஒருபோதும் இல்லை” என்பதாயின், தேர்வு முடியட்டும், அறுவடை முடியட்டும், பெருநாள் கழியட்டும் எனக் காத்திராதீர்கள். சமுதாயப் பெரியோர்களே, பிள்ளைகள் அழைத்தால் மறுக்காது உடன் செல்லுங்கள். நன்றாகத்தானே தெரிகிறது என்பீர்கள். எம் தந்தையாரும் அவ்வாறே சொன்னார்.