எட்டுக் கலை வேறுபாடு

கொப்பர்னிக்கசின் நூல் 1543ஆம் ஆண்டில் வெளிவந்ததும் வானியற் கணிப்புகள் உடனே திருத்தமுற்றன எனக் கருதுதல் பொருந்தாது. ஞாயிற்றை நடுவில் நிறுத்திய அவரும் வட்டத்தைக் கைவிட்டாரல்லர்; வட்டத்தின்மேற் சிறுவட்டங்களை அடுக்கியே கோள்களின் போக்கை விளக்கினார். எனினும் அவர் அளித்தது ஒன்றுண்டு. தொலமியின் முறையில் ஒவ்வொரு கோளும் தனிக் கணக்காய் நின்றது. ஞாயிற்று மையக் கொள்கையிலோ புவியின் ஒழுக்கே அளவுகோலாகி, கோள்களின் தூரங்கள் யாவும் ஒரே ஒழுங்கிற் பிணைந்தன.

அவ்வொழுங்கை மெய்யென நம்பியவர் கெப்ளர். 1601இல் மறைந்த தைக்கோ பிராகே விட்டுச்சென்ற செவ்வாய்க்கோளின் அவதானங்களோடு அவர் ஆண்டுக்கணக்கிற் போராடினார். வட்ட ஒழுக்கு ஏறத்தாழப் பொருந்தியது. எஞ்சிய வேறுபாடு எட்டுக் கலையே. பாகையின் அறுபதிலொரு பங்கு கலை. எட்டுக் கலை முழுமதியின் அகலத்தில் ஏறக்குறைய நாலிலொன்று. அவதானப் பிழையென அதனை ஒதுக்கிவிடல் எளிது. பிராகேயின் அவதானத்தில் அத்துணைப் பிழை நேராது என்று தெளிந்த கெப்ளரோ, தாம் அரிதின் முயன்று அமைத்த கணக்கையே துறந்தார். ஈராயிரம் ஆண்டு போற்றப்பட்ட வட்டம் வீழ்ந்தது. 1609இல் வெளியான அவரது நூலில் நீள்வளையம் அதன் இடத்தைப் பெற்றது.

கோள் எங்கே நிற்கும் என்ற பழைய வினாவோடு, அது ஏன் அவ்வாறு செல்கிறது என்ற வினாவும் எழுந்தது. ஞாயிற்றிலிருந்தே கோள்களை இயக்கும் விசை பிறக்கிறது என்றார் கெப்ளர். அவர் எண்ணிய விசை வேறு. ஆயினும் அவ்வினாவே 1687இல் நியூற்றனின் ஈர்ப்பு விதியில் விடை கண்டது. பேரழகுடைய கொள்கையும் சிறு வேறுபாடொன்றின் முன் பணிதல் வேண்டும் என்னும் துணிவே அதற்கு வழி திறந்தது.