காதிப் எழுதும் பக்கம்

சென்னை திருவல்லிக்கேணியில், வாலாஜா பள்ளிவாசலுக்கு அருகே ‘முசல்மான்’ என்ற உருது மாலை நாளிதழின் அலுவலகம் இருக்கிறது. 1927-இல் சையத் அஸ்மத்துல்லா தொடங்கிய இதழ். அவ்வாண்டு சென்னைக் காங்கிரஸ் மாநாட்டுக்குத் தலைமையேற்ற டாக்டர் எம். ஏ. அன்சாரி இதைத் தொடங்கிவைத்தார். அஸ்மத்துல்லாவுக்குப் பின் மகன் பஸ்லுல்லா, 2008-இல் அவர் காலமான பின் அவருடைய மகன் ஆரிபுல்லா என ஆசிரியர் நாற்காலி மூன்று தலைமுறை கண்டிருக்கிறது. நான்கே பக்கம். தலைப்பு, செய்தி, தலையங்கம் எல்லாமே கையால் எழுதப்படுபவை. எழுதி முடித்த தாளைப் படமெடுத்து, தகடாக்கி, ஆப்செட்டில் அச்சடிக்கிறார்கள். எழுதுகிறவருக்குப் பெயர் காதிப்.

தமிழ்ப் பத்திரிகைகளுக்குப் பக்கம் வடிவமைப்பது என் தொழில். எழுத்துக்கும் எழுத்துக்கும் நடுவே உள்ள இடைவெளியைத் திரையில் கூட்டிக் குறைத்தே என் பொழுது போகிறது. ஓர் எழுத்துருவின் வளைவு ஏன் அந்த இடத்தில் தடித்து இந்த இடத்தில் மெலிகிறது என்ற கேள்விக்குக் கணினிக்குள் பதில் கிடையாது. அதற்கு முன்னால் ஒரு பேனா இருந்திருக்கிறது. அந்தப் பேனாவைப் பார்க்கத்தான் சில ஆண்டுகளுக்கு முன் திருவல்லிக்கேணிக்குப் போனேன்.

மதியத்துக்கு முன்பே அங்கே வேலை சூடு பிடித்துவிடுகிறது. செய்தி உருதுவில் எழுதப்பட்டு காதிப்பின் மேசைக்கு வருகிறது. ஒரு பக்கத்தை எழுதி முடிக்க ஏறக்குறைய மூன்று மணி நேரம் பிடிக்கும். முதல் பக்கத்தில் மட்டும் ஒரு மூலையைக் காலியாக விட்டுவைப்பார்கள். பிற்பகலில் பெரிய செய்தி ஏதாவது வந்தால் அங்கே ஏறும். சின்னப் பிழையென்றால் திருத்திக்கொள்ளலாம். பெரிதாகத் தவறிவிட்டால் பக்கத்தையே மறுபடி எழுத வேண்டும்.

ஒரு பெண் காதிப் தலைப்பு எழுதுவதைத் தள்ளி நின்று பார்த்தேன். மூன்று பத்தி அகலம். பென்சிலால் கோடு இழுத்துக்கொண்டு வலப்புறமிருந்து தொடங்கினார். பாதி தாண்டியதும் கை நின்றது. மீதி மூன்று சொற்களுக்கு இடம் போதாது என்பது எனக்கே தெரிந்தது. அவர் அழிக்கவில்லை, எழுத்தைச் சிறிதாக்கவும் இல்லை. அடுத்த சொல்லின் கிடைக்கோட்டைச் சுருக்கி, அதன் முதுகில் கடைசிச் சொல்லைத் தூக்கி வைத்தார். தலைப்பு சரியாக இடது ஓரத்தில் போய் முடிந்தது. அதற்கு நேர் கீழே இருந்த துணைத் தலைப்பில் சொற்கள் குறைவு. அங்கே ‘சீன்’ என்ற எழுத்தின் பற்களை ஒரே நீண்ட கோடாக இழுத்து இடத்தை நிரப்பினார். இதற்குக் கஷீதா என்று பெயர். வரியைச் சமமாக்க நாங்கள் கணினியில் சொல்லிடைவெளியை அகட்டி, பத்தியெல்லாம் வெள்ளை ஓட்டைகளாக்குகிறோம். அவர் எழுத்தையே நீட்டிச் சுருக்கிவிடுகிறார். இரண்டுக்கும் உள்ள தூரம் எனக்கு உறைத்தது அங்கேதான்.

எழுத்தின் நுட்பத்தைச் சொல்லித்தர அவர்களுக்கு நேரமில்லை. மாலை இதழ் அல்லவா? வேறொரு நாள் ஜாம் பஜார் பக்கம் ஒரு பெரியவரைப் பார்க்கப் போனேன். உருதுப் புத்தகங்கள், கல்யாணப் பத்திரிகைகள், கூட்டச் சுவரொட்டிகள் என்று ஆயுள் முழுக்க எழுதியவர். “வாங்க தம்பி, கீழேயே உக்காருங்க, வெளிச்சம் இங்கதான் வரும்” என்று ஜன்னலோரம் பாயைத் தட்டிப் போட்டார்.

முதலில் நாணல் பேனாவைச் சீவிக் காட்டினார். இரண்டு பக்கமும் செதுக்கி, நடுவில் மை இறங்க ஒரு கீறல் விட்டு, நுனியைப் பலகையில் வைத்துக் கத்தியால் சாய்வாக ஒரே வெட்டு. அந்த வெட்டுக்குக் ‘கத்’ என்று பெயர். அந்த நுனியைத் தாளில் வைத்து ஓர் இழுப்பு இழுத்தால் சாய்சதுரமாக ஒரு புள்ளி விழுகிறது. அதுதான் நுக்தா. எழுத்துகளுக்கெல்லாம் அளவுகோல் இந்தப் புள்ளிதான். உருது எழுதும் நஸ்தலீக் பாணியில் அலிஃப் என்ற முதல் எழுத்து மூன்று புள்ளி உயரம். பேனா தடித்தால் புள்ளி பெருக்கும்; அதோடு அலிஃபும் வளரும். மில்லிமீட்டருக்கு இதில் வேலையில்லை.

“பேனாவை விரல்ல உருட்டாதீங்க. சாய்வு அப்படியே நிக்கணும், கை மட்டும் போவணும்” என்றார். அவர் கை போனபோது தடிப்பும் மெலிவும் தாமாகவே வந்தன. கிடையாகப் போகும்போது கோடு பருக்கிறது, நிமிர்ந்து ஏறும்போது இளைக்கிறது. சில வால்களின் முடிவில் மட்டும் நுனியின் ஒரு மூலையில் நின்று மயிரிழையாக இழுத்து முடித்தார்.

“உங்க பாஷை பேர எழுதறேன் பாருங்க” என்றார். தே, மீம், லாம் என மூன்று எழுத்து. தேயின் சிறு கொக்கி மேலே தொடங்கி, மீமின் முடிச்சுக்குள் சரிந்து இறங்கி, அங்கிருந்து லாம் நிமிர்ந்து எழும்பி, கிண்ணமாக வளைந்து நின்றது. கை தாளை விட்டு எழவே இல்லை. கடைசியில்தான் தேயின் இரண்டு புள்ளிகள் மேலே விழுந்தன. பிறகு தேயை மட்டும் தனியாக எழுதினார். சற்றுமுன் பார்த்த கொக்கிக்கும் இதற்கும் உறவே இல்லை. நீளமான தோணியாகப் படுத்திருந்தது. அலிஃபுக்கு முன்னால், ஜீமுக்கு முன்னால், ரேக்கு முன்னால் என்று எழுதிக்கொண்டே போனார். ஒவ்வொரு முறையும் அதன் முகம் மாறியது, அது நிற்கும் உயரமும் மாறியது. நஸ்தலீக்கில் சொல் கோட்டின் மேல் உட்கார்வதில்லை. வலது மேலிருந்து இடது கீழாக இறங்கிக்கொண்டே வந்து கோட்டைத் தொடுகிறது. எத்தனை எழுத்து பின்னால் வரப்போகிறது என்பதைப் பொறுத்துத்தான் முதல் எழுத்து எவ்வளவு உயரத்தில் தொடங்க வேண்டும் என்று முடிவாகிறது. எழுதுகிறவர் சொல்லை முழுதாக மனத்தில் பார்த்துவிட்டுத்தான் பேனாவை வைக்க வேண்டும்.

இந்த இடத்தில்தான் ஈயம் தோற்றது. பதினான்காம், பதினைந்தாம் நூற்றாண்டுகளில் ஈரானில் உருவாகி, மீர் அலி தப்ரீஸியின் பெயரோடு வழங்கும் இந்தப் பாணியை அச்செழுத்தாக வார்க்கப் பலரும் முயன்றார்கள். கல்கத்தாவில் வில்லியம் கோட்டைக் கல்லூரிக்காகப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே உலோக நஸ்தலீக்கில் நூல்கள் அச்சாயின. வாசகர் கண்ணுக்கு அது பிடிக்கவில்லை. காதிப்பின் கையில் பழகிய கண் அது. 1820-களில் கல்லச்சு இந்தியாவுக்கு வந்ததும், உருது உலகம் ஈயத்தை ஒதுக்கிவிட்டு அந்தப் பக்கம் போயிற்று. 1858-இல் லக்னோவில் முன்ஷி நவல் கிஷோர் தொடங்கிய அச்சகம் ஆயிரக்கணக்கான நூல்களைக் கல்லச்சில்தான் வெளியிட்டது.

அந்தக் காலத்து வேலையைப் பெரியவர் தம் ஆசானான உஸ்தாதிடம் கேட்டறிந்திருந்தார். பசை பூசிய மஞ்சள் தாளில், கொழுப்பு கலந்த மையால் காதிப் எழுதுவார். கல்லின்மேல் அதைக் கவிழ்த்து அழுத்தினால் எழுத்து கல்லில் ஒட்டிக்கொள்ளும், ஆனால் இடவலம் மாறி. அதில் கெட்டுப்போன இடங்களைச் சரிசெய்ய சங்ஸாஸ் என்று தனியாக ஓர் ஆள். கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாற்றி நஸ்தலீக்கைக் கல்லிலேயே எழுதுகிறவர். “எங்களுக்கு நேரா எழுதறதே பத்து வருஷப் பாடம் தம்பி. அவங்க திருப்பி எழுதினாங்க” என்று அவர் சொன்னபோது, தம்மைவிடப் பெரிய தொழிலாளியைப் பற்றிப் பேசும் மரியாதை குரலில் இருந்தது.

எனக்கு நம் எழுத்தின் நினைவு வந்தது. தமிழ் எழுத்துகள் தனித்தனியாக நிற்பவை, அச்சுக்கட்டைக்குத் தோதானவை. 1578-இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’, 1713-இல் தரங்கம்பாடி அச்சகம் என்று நாம் முந்திக்கொண்டோம். அச்சுக்கு இடைஞ்சலாக இருந்ததை எழுத்திலேயே மாற்றவும் செய்தோம். துதிக்கையோடு நின்ற பழைய ணை, லை, ளை, னை, அடியில் சுழித்த ணா, றா, னா எல்லாம் பெரியார் 1930-களிலேயே தம் இதழ்களில் கைவிட்டவை. 1978 அரசாணைக்குப் பிறகு பாடப்புத்தகத்திலிருந்தும் போயின. படிக்கவும் தட்டச்சுக்கும் அது எளிதாயிற்று. நான் அந்தச் சீர்திருத்தத்தின் பிள்ளை. அதில் எனக்குக் குறையில்லை. உருது வாசகர்களோ எழுத்தை மாற்ற ஒப்பவில்லை. நஸ்க் என்ற வேறொரு பாணியில் தட்டச்சுப் பொறிகள் வந்தும் நாளிதழ்கள் நஸ்தலீக்கை விடவில்லை. அதற்குக் கொடுத்த விலையும் பெரிது. மற்ற மொழிகளில் எந்திரம் கோத்த பக்கத்தை இங்கே கூடம் நிறைய ஆட்கள் முதுகு வளைந்து எழுத வேண்டியிருந்தது. வேகம் கிடையாது, செலவு அதிகம். ஆனாலும் எந்திரம் தங்கள் கைக்கு இறங்கி வரும்வரை அவர்கள் காத்திருந்தார்கள் என்பதை நான் பெரிய விஷயமாகவே நினைக்கிறேன்.

அது 1981-இல் இறங்கி வந்தது. டெல்லியில் பிறந்து கராச்சியில் அச்சுத் தொழில் நடத்திய மிர்சா அகமது ஜமீல், எழுத்தைத் தனித்தனியாக வெட்டும் யோசனையையே விட்டுவிட்டார். ஆயிரக்கணக்கான சீன எழுத்துகளை ஒரு பொறியால் கோக்க முடிகிறதென்றால், உருதுவின் கூட்டெழுத்துகளை ஏன் முழுசாகவே உள்ளே ஏற்றக்கூடாது? ஒரே மூச்சில் சேர்ந்து எழுதப்படும் கூட்டுகளை ஒவ்வொன்றாகத் தம் கையால் எழுதினார். ஏறக்குறைய 20,000 கூட்டுகள். மோனோடைப் நிறுவனம் அவற்றைக் கணினிக்குள் கொண்டுபோனது. எழுத்துக்கலைஞரான தந்தை நூர் அகமதுவின் நினைவாக அதற்கு ‘நூரி நஸ்தலீக்’ என்று பெயர் வைத்தார். அந்த ஆண்டு லாகூரில் தொடங்கிய ‘ஜங்’ நாளிதழ்ப் பதிப்பு இந்த எழுத்துருவில் வெளிவந்தது. 1994-இல் டெல்லியிலிருந்து இன்பேஜ் என்ற மென்பொருள் நூரியோடு வந்த பிறகு, இந்தியாவின் உருது அச்சுக்கூடங்கள் மளமளவென்று மாறின. காதிப்கள் மேசைகளை விட்டு எழுந்தார்கள்.

பெரியவரும் அப்படி எழுந்தவர்தான். வழக்கமாக வேலை கொடுத்துவந்த ஒரு பதிப்பகம், சொல்லாமல் கொள்ளாமல் நிறுத்திவிட்டதாம். நூரியின்மேல் அவருக்குக் கோபம் இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. கணினியில் கோத்த ஒரு கவிதைத் தொகுப்பை எடுத்து விரித்து, “இது ஜமீல் சாஹிப் கை. கையப் பாத்தாத் தெரியும்” என்றார். ஒரு பக்கத்தில் பென்சிலால் வட்டம் போட்டார். ஒரே சொல் ஏழு இடத்தில். ஏழும் அச்சு அசலாக ஒன்றே. “எழுதினவர் ஒரு தரம் யோசிச்சாரு. மிஷின் அதயே ஏழு தரம் வச்சிருச்சு. பக்கத்துல என்ன வார்த்தை இருக்குன்னு அது பாக்கல.” வேறோர் இடத்தில் மேல்வரியின் வால் கீழ்வரியின் புள்ளியை இடித்திருந்தது. கையால் எழுதியிருந்தால் புள்ளியைக் கொஞ்சம் நகர்த்தியிருப்பார்.

எழுத்துரு என்பது ஒரு கை எடுத்த முடிவுகளின் சேமிப்பு என்று இப்போது எனக்குப் புரிகிறது. எவ்வளவு முடிவுகள் உள்ளே போயினவோ அவ்வளவுதான் வெளியே வரும். நூரிக்குப் பின்வந்த ஒருங்குறி நஸ்தலீக் எழுத்துருக்களில் பல, 20,000 படங்களைச் சுமப்பதில்லை. எழுத்தின் துண்டுகளையும் விதிகளையும் வைத்திருக்கின்றன. பின்னால் மீம் வந்தால் இந்தக் கொக்கி, ரே வந்தால் அந்தக் கொக்கி. இத்தனை எழுத்தென்றால் இவ்வளவு உயரம். புள்ளி இடித்தால் இந்தப் பக்கம் தள்ளு. காதிப் பாடத்தில் தனியெழுத்துப் பயிற்சிக்கு முஃப்ரதாத், கூட்டெழுத்துப் பயிற்சிக்கு முரக்கபாத் என்று பெயர். உஸ்தாத் தாளில் எழுதிக் கொடுத்துச் சீடன் பார்த்தெழுதிய அந்த முரக்கபாத் பாடம்தான் இன்றைக்கு நிரலாகியிருக்கிறது. நிரல் எழுதுகிறவர் பேனா பிடித்தவராக இல்லாவிட்டால் எந்த விதியை எழுதுவதென்றே தெரியாது.

பெரியவரிடம் இப்போது இரண்டு இளைஞர்கள் வருகிறார்கள். உருது மொழி வளர்ச்சிக்கான தேசியக் கவுன்சில் நடத்தும் எழுத்துக்கலை, வரைகலைப் படிப்பில் சேர்ந்தவர்கள். வேலை கணினியில்தான் கிடைக்கும் என்பது அவர்களுக்கும் தெரியும். ஆனாலும் தனியெழுத்து சரியாக வரும்வரை இவர் அவர்களைக் கூட்டெழுத்துக்கு விடுவதில்லை. நான் போயிருந்தபோது அவர்களில் ஒருவர், தாம் எழுதிய தாளை ஸ்கேன் செய்து மடிக்கணினியில் ஏற்றி, எழுத்துகளின் ஓரத்தை ஒழுங்கு செய்துகொண்டிருந்தார். பெரியவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, திரைக்கு அருகே நகர்ந்து உட்கார்ந்து, பேனாவின் பின்முனையால் ஓரிடத்தைக் காட்டினார்.

“இங்க ஏன்பா சமமா ஆக்கிட்ட? நீ எழுதினதுல இந்த இடம் இளைச்சுப் போயிருந்துது, அதுதான் சரி. பழையபடி ஆக்கு. புள்ளியையும் ஒரு நுக்தா மேல தூக்கு.”