பூட்டைத் திறக்கும் கல்வி

டில்லியில் பதினொன்றாம் வகுப்புப் பயிலும் என் மகள், ஓரிரவு கணிப்பொறியில் எதையோ உடைத்துப் பார்ப்பதைக் கண்டு, "திருட்டா கற்கிறாய்?" என்று கடிந்துகொண்டேன். கண் கலங்கினாலும், அவள் என்னை அருகில் அமர்த்திக் காட்டினாள். அது கார்னகி மெலன் பல்கலைக்கழகம் 2013இல் தொடங்கிய ‘பிக்கோ சிடிஎஃப்’ என்னும் இலவசப் போட்டியின் பயிற்சி.

திறக்க மறுத்தது ஒரு படக்கோப்பு. ஜேபெக் படமாயின் முதலிரு பைட்டுகள் ‘எஃப்எஃப் டி8’ என்றிருக்க வேண்டுமாம். சிதைந்திருந்தவற்றைத் திருத்தினாள், படம் தோன்றிற்று. அதனுள்ளே விடைச்சொல் இருந்தது.

"அப்பா, பூட்டியவர்களே திறக்கச் சொல்கிறார்கள். அனுமதியின்றி, வஞ்சக எண்ணத்துடன் பிறர் கணிப்பொறியில் புகுந்தால், 2000ஆம் ஆண்டுத் தகவல் தொழில்நுட்பச் சட்டப்படி மூன்றாண்டு வரை சிறை" என்றாள்.

முன்பொருமுறை கைப்பேசியில் வந்த பொய்ச் செய்தியை நம்பி, ஒரு மாத ஊதியத்தை இழந்தவன் நான். அவளைக் கடிந்துகொள்ள எனக்கேது தகுதி? மறுநாள் மன்னிப்புக் கேட்டேன். இப்போது அவளிடம் பாடமும் கேட்கிறேன்.