மாதம் எவ்வளவு என்று மட்டும் கேட்டோம்



பள்ளி விடுமுறைக்கு முந்தைய வாரத்தில், மகளின் தேர்ச்சி அறிக்கையைப் பெற்றுக்கொள்ள ஒரு தாயார் வந்திருந்தார். அறிக்கையைப் பார்த்து முடித்ததும் கைப்பையிலிருந்து வண்ணப் படங்கள் நிறைந்த ஒரு தாளை எடுத்து மேசையில் விரித்தார். புதிதாக எழும்பும் ஒரு தாமானின் விளம்பரம் அது. வீட்டின் விலை 300,000 வெள்ளி. பத்து விழுக்காடு முன்பணம். மீதம் 270,000 வெள்ளி வங்கிக் கடன்.

“டீச்சர், மாசம் ஆயிரத்து இருநூறுக்கும் கொஞ்சம் கம்மியாதான் வருதாம். நாங்க ரெண்டு பேரும் வேலைக்குப் போறோம். கட்டிடலாம் இல்லையா?”

“மொத்தமா எவ்வளவு கட்டப் போறீங்கம்மா?” என்று கேட்டேன்.

“அதான் டீச்சர், வீடு மூணு லட்சம்.”

நான் கேட்டது வீட்டின் விலையை அல்ல. ஆனாலும் அவரைக் குறைகூற எனக்குத் தகுதியில்லை. 2012ஆம் ஆண்டு நானும் என் கணவரும் வங்கி அதிகாரியின் முன் அமர்ந்திருந்தபோது, நாங்கள் கேட்டதும் அந்த ஒரே கேள்வியைத்தான்: மாதம் எவ்வளவு?

எங்கள் தங்காக் நகரம் துணிக்கடைகளுக்குப் பெயர்போனது. தீபாவளி நெருங்கினால் மூவாரிலிருந்தும் மலாக்காவிலிருந்தும் ஆட்கள் வந்து இறங்குவார்கள். ஒரு மீட்டர் துணியில் இரண்டு வெள்ளியைக் குறைக்க அரை மணி நேரம் பேரம் பேசுகிற ஊர் இது. அதே மனிதர்கள் வாழ்நாளின் மிகப் பெரிய கொள்முதலில் மொத்தத் தொகையைக் கேட்காமல் கையெழுத்திடுகிறோம். ஏன் என்று நான் பலமுறை எண்ணிப் பார்த்திருக்கிறேன். விடையின் ஒரு பகுதி நம் பெற்றோர் வாழ்ந்த தோட்டத்து வீடுகளில் இருப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது.

என் அப்பா பால்மரம் வெட்டியவர். குனோங் லேடாங் மலையைப் பார்த்தபடி இருந்த ஒரு தோட்டத்தின் லயத்தில்தான் நாங்கள் பிறந்து வளர்ந்தோம். அந்த வீட்டுக்கு வாடகை கிடையாது. ஆனால் உரிமையும் கிடையாது. வேலை நின்றால் வீட்டைக் காலி செய்ய வேண்டும். தோட்டம் கைமாறினால் அடுத்த முதலாளி என்ன செய்வார் என்று யாருக்கும் தெரியாது. ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் பெருந்தோட்டங்கள் துண்டு துண்டாக விற்கப்பட்டபோது ஆயிரக்கணக்கான குடும்பங்கள் அவ்வாறு வெளியேறின. அந்த அச்சத்திற்கு ஒரு மறுமொழியாகத்தான் 1960இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளர்கள் மாதந்தோறும் சிறு தொகை சேர்த்துத் தோட்டத்தையே வாங்கினார்கள். அங்கே சேமிப்பு முதலில் வந்தது, உடைமை பின்னர் வந்தது. வீட்டுக் கடனில் இந்த வரிசை தலைகீழாகிறது. உடைமை முதலில் வந்துவிடுகிறது. அதற்கான விலையைப் பிறகு முப்பது ஆண்டுகள் கொடுக்கிறோம்.

1994இல் நான் மூன்றாம் படிவத்தில் இருந்தபோது அப்பா 25,000 வெள்ளிக்கு ஒரு மலிவு விலை வீடு வாங்கினார். வயது காரணமாகக் கடன் அண்ணன் பெயரில். 22,500 வெள்ளி, ஒன்பது விழுக்காடு வட்டி, இருபது ஆண்டு. மாதத் தவணை 202 வெள்ளி 44 காசு. பால்மரம் வெட்டிய குடும்பத்துக்கு அது பெரிய தொகை. அம்மா ஒரு பால்மாவு டின்னில் அந்தப் பணத்தைத் தனியாக எடுத்து வைத்துவிட்டுத்தான் மளிகைக்கடைக்குப் போவார். 2014இல் கடன் முடிந்து பத்திரங்கள் வந்தன. அன்று இரவு, வேறு வேலை இல்லாமல், நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். 25,000 வெள்ளி வீட்டுக்காக வங்கிக்கு மட்டும் 48,585 வெள்ளி போயிருந்தது. முதல் மாதத் தவணையில் 168 வெள்ளி 75 காசு வட்டி. அசலில் குறைந்தது 33 வெள்ளி 69 காசு!

அப்பாவிடம் அதைச் சொன்னேன். அவர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, “இருக்கட்டும்மா, இனிமே எந்தக் கிராணியும் வந்து காலி பண்ணுன்னு சொல்ல முடியாதுல்ல” என்றார். அந்த நிம்மதிக்கு அவர் 26,000 வெள்ளிக்கு மேல் வட்டி கொடுத்திருக்கிறார். அது அதிகமா குறைவா என்று தீர்ப்புச் சொல்ல எனக்கு இன்றுவரை துணிவில்லை. ஆனால் அவர் அதை அறிந்து கொடுக்கவில்லை. என் மனத்தை உறுத்துவது அதுதான்.

இப்போது அந்தத் தாயாரின் கணக்கிற்கு வருவோம். ஆசிரியர்கள் கரும்பலகையிலும் போட்டுப் பார்க்கலாம்.

270,000 வெள்ளி, நான்கு விழுக்காடு, 35 ஆண்டு. மாதத் தவணை 1,195 வெள்ளி. இது 420 தவணை. வட்டி விகிதம் கடைசிவரை மாறாது என்று வைத்துக்கொண்டால் மொத்தம் 502,000 வெள்ளிக்குச் சற்று அதிகம். அதாவது வட்டி மட்டும் 232,000. முன்பணம் 30,000ஐயும் சேர்த்தால் அந்த மூன்று லட்சம் வெள்ளி வீட்டின் விலை ஐந்து லட்சத்து முப்பதாயிரத்தைத் தாண்டுகிறது.

இங்கே ஒரு சிறு விலகல். நாம் படிநிலை இரண்டில் கற்பிக்கும் தனிவட்டிச் சூத்திரத்தை ஒரு கெட்டிக்கார மாணவன் இதில் பயன்படுத்தினால் 378,000 வெள்ளி வட்டி என்று சொல்வான். அது தவறு. வீட்டுக் கடனில் ஒவ்வொரு மாதமும் எஞ்சியிருக்கும் அசலுக்கு மட்டுமே வட்டி. பயிற்சிக் கல்லூரியில் எங்களுக்குச் சூத்திரத்தை எளிதாகக் கற்பிக்கும் வழிமுறைகளைச் சொல்லித் தந்தார்கள்; இந்த வேறுபாட்டை யாரும் சொல்லித் தந்ததாக எனக்கு நினைவில்லை. சொந்தத் தவணை அட்டவணையைப் பார்த்துத்தான் நான் கற்றுக்கொண்டேன்.

எஞ்சிய அசலுக்குத்தான் வட்டி என்பது கேட்க நியாயமாகவே இருக்கிறது. ஆனால் தொடக்கத்தில் எஞ்சிய அசல் என்பது கிட்டத்தட்ட முழு அசல். ஆகவே முதல் தவணை 1,195 வெள்ளியில் 900 வெள்ளி வட்டிக்குப் போகிறது. பத்தாண்டு ஒரு தவணையும் தவறாமல் கட்டினால் கொடுத்திருப்பது ஏறத்தாழ 143,000. அசலில் குறைந்திருப்பது 43,500தான். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை மிஞ்சுவதற்கு 17 ஆண்டு 8 மாதம் ஆகிறது. மடியில் உட்கார வைத்துக் கையெழுத்திட்ட குழந்தை அதற்குள் ஐந்தாம் படிவத்தை முடித்திருக்கும்.

அதே கடனை 25 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 1,425 வெள்ளி. மாதம் 230 வெள்ளி கூடுதல். ஆனால் மொத்த வட்டி 157,500ஆகக் குறைகிறது. பத்தாண்டை நீட்டியதற்கு நாம் தரும் விலை ஏறத்தாழ 74,500 வெள்ளி. முன்பு நாற்பது, நாற்பத்தைந்து ஆண்டுக் கடன்களும் இங்கே கிடைத்தன. 2013 ஜூலையில்தான் பேங்க் நெகாரா 35 ஆண்டு என்று உச்ச வரம்பு விதித்தது. நல்ல காரியம் என்பேன்.

நான்கு விழுக்காடு என்பதும் நிலையானதல்ல. பேங்க் நெகாராவின் ஓ.பி.ஆர். விகிதம் 2020 ஜூலையில் 1.75ஆக இருந்தது. 2022 மே தொடங்கி 2023 மே வரை ஐந்து முறை உயர்ந்து 3.00ஐ எட்டியது, 2025 ஜூலையில் 2.75ஆகக் குறைந்தது. அந்த 1.25 விழுக்காட்டு உயர்வு காகிதத்தில் சிறிதாகத் தெரியலாம். நமது 270,000 வெள்ளிக் கடன் 3 விழுக்காட்டில் தொடங்கியிருந்தால் தவணை 1,039, அதுவே 4.25 ஆனால் 1,236. மாதம் கிட்டத்தட்ட இருநூறு வெள்ளி. பள்ளிப் பேருந்துக் கட்டணமும் பிரத்தியேக வகுப்புக் கட்டணமும் அதற்குள் அடங்கிவிடும்.

2020 ஏப்ரல் முதல் ஆறு மாதம் தவணையை ஒத்திவைக்க வங்கிகள் அனுமதித்ததை மறந்திருக்க மாட்டீர்கள். நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணையின்போது என் கணவர் வேலை செய்யும் மரத்தளவாடத் தொழிற்சாலை மூடப்பட்டது. நாங்களும் அச்சலுகையைப் பயன்படுத்தினோம். தவணைதான் நின்றதே தவிர வட்டி நிற்கவில்லை. ஏறத்தாழ 2,400 வெள்ளி வட்டி சேர்ந்திருந்தது. அதற்காக வருந்தவில்லை, அந்த ஆறு மாதம் எங்களுக்கு உண்மையிலேயே தேவைப்பட்டது. அதை இலவசம் என்று எண்ணியதுதான் எங்கள் பிழை.

அதைவிடப் பெரிய பிழை ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். எங்கள் கடன் 160,000 வெள்ளி, முப்பது ஆண்டு, தவணை 801 வெள்ளி. கூடுதலாகக் கட்டினால் அசல் குறையும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு, மாதம் நூறு வெள்ளி அதிகமாகச் செலுத்தி வந்தோம். நான்கு ஆண்டு. என் மனத்திற்குள் கடன் வேகமாகக் கரைந்துகொண்டிருந்தது. ஒருநாள் ஆண்டறிக்கையை நிதானமாகப் படித்தபோதுதான் தெரிந்தது, அந்த 4,800 வெள்ளியும் ‘முன்கூட்டிச் செலுத்திய தவணை’ என்ற பெயரில் ஓரமாகக் கிடந்தது. அசலில் ஒரு காசும் குறையவில்லை. எங்களுடையது சாதாரணத் தவணைக் கடன். ‘இதை அசலில் கழிக்கவும்’ என்று எழுத்து மூலம் கேட்டிருக்க வேண்டுமாம். கேட்ட நாளிலிருந்து கழித்தார்கள். கடந்த நான்கு ஆண்டுக்கு ஒன்றும் செய்ய இயலாது என்றார்கள். ஒப்பந்தத்தில் அப்படித்தான் எழுதியிருந்தது. இழந்தது சில நூறு வெள்ளிதான். இருப்பினும் அன்று இரவு எனக்கு உறக்கம் வரவில்லை. கணக்குப் பாடம் நடத்துகிறவள் நான்!

அரசாங்க வீட்டுக் கடன் எடுத்த ஆசிரிய நண்பர்கள் இதைப் படித்து நிம்மதிப் பெருமூச்சு விடலாம். 2016 முதல் எல்.பி.பி.எஸ்.ஏ. வாரியம் நிர்வகிக்கும் அக்கடனில் நான்கு விழுக்காடு மாறாது. அது நல்ல பாதுகாப்பு. ஆனால் சம்பளச் சீட்டிலேயே பிடித்துவிடுவதால் அந்தத் தொகையை நாம் கண்ணால் பார்ப்பதே இல்லை. முப்பது வயதில் 35 ஆண்டுக்கு எடுத்த கடன் 65 வயதில் முடியும். நமக்கு 60 வயதில் ஓய்வு. கடைசி ஐந்து ஆண்டுத் தவணை ஓய்வூதியத்திலிருந்துதான் போகும்.

வட்டிக்கு அப்பாலும் செலவுகள் உண்டு. கடன் பத்திரத்திற்கு அரை விழுக்காடு முத்திரை வரி, சொத்து மாற்றத்திற்குத் தனி முத்திரை வரி, வழக்கறிஞர் கட்டணம். கடன் காப்புறுதிப் பணத்தையும் பலர் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். அப்படிச் செய்தால் காப்புறுதிக்கும் 35 ஆண்டு வட்டி கட்டுகிறோம் என்பதை யாரும் நினைவூட்டுவதில்லை. முதல் மூன்று முதல் ஐந்து ஆண்டுக்குள் கடனை முழுமையாக அடைத்தால் அபராதம் கேட்கும் ஒப்பந்தங்களும் உள்ளன.

இவ்வளவும் எழுதிவிட்டு, வீடு வாங்காதீர்கள் என்றோ குறுகிய காலக் கடன்தான் சிறந்தது என்றோ நான் சொல்லப்போவதில்லை. 25 ஆண்டு எடுத்துவிட்டு, வட்டி உயர்ந்த ஆண்டில் தவணை கட்ட முடியாமல் வீடு ஏலத்திற்குப் போனால், மிச்சம் பிடித்த 74,000 வெள்ளியால் யாருக்கு என்ன பயன்? இருபது ஆண்டு கழித்து 1,195 வெள்ளியின் மதிப்பு இன்றுள்ள அளவு இருக்காது என்பதும் உண்மையே. எனவே அந்தத் தாயாரிடம் நான் சொன்னது இதுதான்: 35 ஆண்டுக்கே எடுங்கள், ஆனால் கூடுதல் பணம் அசலில் கழியும் வகைக் கடனா என்று முதலில் எழுத்தில் உறுதி செய்யுங்கள். அதன்பின் மாதம் இருநூறு வெள்ளி கூடுதலாகப் போடுங்கள். 26 ஆண்டில் முடிந்துவிடும். ஏறத்தாழ 68,000 வெள்ளி மிஞ்சும். முடியாத மாதத்தில் அந்த இருநூறை நிறுத்திக்கொள்ளலாம், வங்கி ஒன்றும் கேட்காது.

வங்கி தரும் கடன் விளக்கத் தாளில், கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு செலுத்தியிருப்பீர்கள் என்ற வரி அச்சிடப்பட்டிருக்கும் என்பதையும் காட்டினேன். 2012இல் எங்களுக்குத் தந்த தாளிலும் அது இருந்தது. அண்மையில் கோப்பைத் திறந்து பார்த்தேன். அந்தப் பக்கத்தின் கீழ் என் கணவரின் கையெழுத்து அழகாக இருக்கிறது.

அடுத்த வாரம் அந்தத் தாயார் கணவரையும் அழைத்துக்கொண்டு வந்தார். வங்கி கொடுத்த தாளில் மொத்தத் தொகை இருந்த வரியை அவர் பேனாவால் வட்டமிட்டிருந்தார். அருகில் ஏதேதோ கூட்டல் கழித்தல்கள். ஓரிடத்தில் மகளின் கையெழுத்தும் தெரிந்தது. இன்னும் ஒப்பந்தம் செய்யவில்லை என்றார்கள். பழைய பேருந்து நிலையத்திலிருந்து நடந்து போகும் தூரத்தில் 190,000 வெள்ளிக்கு ஒரு பழைய தரை வீடு வந்திருக்கிறதாம், அதையும் பார்க்கப் போகிறார்களாம். கூரைதான் கொஞ்சம் ஒழுகுகிறது என்றார் அந்த அம்மா.